பார்படாஸுக்கு விசா வேண்டாம், போகும் வழிக்கு வேண்டும்: இந்தியக் கடவுச்சீட்டுடன் செல்வோருக்கு ஒரு வழிகாட்டி

கரீபியன் தீவு நாடான பார்படாஸ் செல்ல இந்தியர்களுக்கு விசா தேவையில்லை என்ற ஒரே வரியை நம்பி, நானும் என் மனைவியும் 9 வயது மகனும் மூன்று பெட்டிகளுடன் சென்னை விமான நிலையத்தின் செக்-இன் மேசை முன்பு போய் நின்றோம். மனைவியின் அக்கா குடும்பத்தினர் அதன் தலைநகர் பிரிட்ஜ்டவுனில் இருக்கிறார்கள். சென்னையிலிருந்து லண்டன் ஹீத்ரோவுக்கு ஒரு பயணச்சீட்டு, கேட்விக் விமான நிலையத்திலிருந்து பார்படாஸுக்கு இன்னொரு பயணச்சீட்டு என்று தனித்தனியாக வாங்கி, அதில் கணிசமான தொகையை மிச்சப்படுத்திவிட்டதாக நினைத்துக்கொண்டிருந்தேன். மேசைக்குப் பின்னால் இருந்த இளைஞர் மூன்று கடவுச்சீட்டுகளையும் புரட்டிப் பார்த்துவிட்டு, "பார்படாஸுக்கு விசா வேண்டாம், சரி. லண்டனுக்கு என்ன வைத்திருக்கிறீர்கள், சார்?" என்று கேட்டார். நாங்கள் ஒன்றும் வைத்திருக்கவில்லை. அன்று இரவே பெட்டிகளோடு வீடு திரும்பினோம். இரண்டு பயணச்சீட்டுகளிலும் திரும்பக் கிடைத்தது சில வரிகள் மட்டுமே. சில மாதங்கள் கழித்து எல்லாவற்றையும் முறைப்படி செய்து போய்வந்தோம். அந்த இரண்டாவது முயற்சியில் கற்றுக்கொண்டதைச் செய்ய வேண்டிய வரிசையிலேயே கீழே எழுதியிருக்கிறேன்.

இது சுற்றுலா அல்லது உறவினரைப் பார்க்கும் பயணமாக, இந்தியக் கடவுச்சீட்டில், இந்தியாவிலிருந்து புறப்படுவோருக்கானது. கட்டணங்களும் விதிகளும் மாறக்கூடியவை. ஆகவே விண்ணப்பிக்கும் நாளில் அந்தந்த அரசின் இணையதளத்தில் ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

1. கடவுச்சீட்டை எடுத்துப் பாருங்கள்: காலாவதித் தேதி, பெயர்

தேதியில் தொடங்குங்கள். நீங்கள் ஊர் திரும்பும் நாளுக்குப் பிறகும் குறைந்தது 6 மாதங்களுக்குக் கடவுச்சீட்டு செல்லுபடியாக வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். பார்படாஸ் அவ்வளவு கேட்காவிட்டாலும், இடையில் இறங்கும் நாடும் விமான நிறுவனமும் கேட்கக்கூடும், அவர்களோடு வாதாட அங்கே நேரம் இருக்காது. காலாவதிக்கு ஓராண்டு முன்பிருந்தே மறுவெளியீட்டுக்கு விண்ணப்பிக்கலாம். 36 பக்கக் கடவுச்சீட்டுக்குக் கட்டணம் 1,500 ரூபாய், 60 பக்கத்துக்கு 2,000 ரூபாய். தட்கல் முறையில் இதற்கு மேல் 2,000 ரூபாய் கூடும். சென்னைவாசிகளுக்குச் சாலிகிராமம், அமைந்தகரை, தாம்பரம் ஆகிய இடங்களில் சேவை மையங்கள் உள்ளன. காவல்துறை விசாரணையையும் சேர்த்து ஒரு மாதம் ஆகும் என்று கணக்கு வைத்துக்கொண்டால் பதற்றம் இருக்காது. பிள்ளைகளின் கடவுச்சீட்டு 5 ஆண்டுகளுக்கு மட்டுமே என்பதைப் பெற்றோர் பலர் மறந்துவிடுகிறார்கள். நம்முடையது 10 ஆண்டுகளுக்கு இருப்பதால் அதுவும் அப்படித்தான் என்று மனம் தானாக முடிவு செய்துகொள்கிறது.

அடுத்தது பெயர். தமிழர்களாகிய நமக்கு இது தனியான ஒரு தலைவலி. குடும்பப் பெயர் என்ற வழக்கம் நம்மிடம் இல்லாததால், கடவுச்சீட்டில் குடும்பப் பெயருக்கான இடம் வெறுமையாகவும், இட்ட பெயருக்கான இடத்தில் ஒரே ஒரு சொல்லும் இருக்கும். சிலருக்குத் தந்தையின் பெயர் விரிவாக இருக்கும், சிலருக்குத் தலைப்பெழுத்து மட்டும் இருக்கும். ஆனால் விமானப் பயணச்சீட்டுப் படிவங்களும் வெளிநாட்டு அரசுப் படிவங்களும் இரண்டு பெட்டிகளையும் நிரப்பினால்தான் அடுத்த பக்கத்துக்கு விடும். அப்போது அவசரத்தில் ஆதாரில் உள்ள தலைப்பெழுத்தையோ, கடவுச்சீட்டில் இல்லாத தந்தை பெயரையோ சேர்த்துவிடாதீர்கள். சில நிறுவனங்கள் ஒரே பெயரை இரண்டு பெட்டிகளிலும் எழுதச் சொல்கின்றன, வேறு சில ‘எல்.என்.யு.’ (குடும்பப் பெயர் தெரியவில்லை என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்ற மூன்றெழுத்தைக் குடும்பப் பெயராக இடச் சொல்கின்றன. எது அவர்கள் முறை என்று பயணச்சீட்டு வாங்குவதற்கு முன்பே கேட்டு, பதிலை மின்னஞ்சலில் பெற்றுக்கொள்ளுங்கள். கடவுச்சீட்டின் புகைப்படப் பக்கத்தின் அடியில் அம்புக்குறிகளோடு இருக்கும் இரண்டு வரிகளே இயந்திரம் படிக்கும் பெயர். எல்லா ஆவணங்களும் அந்த வரிகளோடு பொருந்த வேண்டும்.

துபாய் வழியாகச் சென்று ஊரைச் சுற்றிப் பார்க்க வெளியே வர நினைப்பவர்களுக்கு ஒற்றைப் பெயர் இன்னும் பெரிய சிக்கல். 2022 நவம்பர் முதல் ஐக்கிய அரபு அமீரகம் சுற்றுலா விசாவுக்கு ஒற்றைப் பெயர்க் கடவுச்சீட்டை ஏற்பதில் கட்டுப்பாடு விதித்துள்ளது. அடிக்கடி வெளிநாடு செல்பவராக இருந்தால், மறுவெளியீட்டின்போதே பெயரை இரண்டாகப் பிரித்துப் பதிந்துகொள்வது நல்லது.

2. பயணச்சீட்டு வாங்கும் முன் வழியை முடிவு செய்யுங்கள்

இந்தியாவிலிருந்து பார்படாஸுக்கு நேரடி விமானம் இல்லை. தீவின் ஒரே பன்னாட்டு விமான நிலையமான கிராண்ட்லி ஆடம்ஸுக்கு லண்டன், நியூயார்க், மயாமி, டொரான்டோ போன்ற நகரங்களிலிருந்துதான் பெரும்பாலான நீண்டதூர விமானங்கள் வருகின்றன. குளிர்காலத்தில் ஐரோப்பிய நகரங்கள் சிலவற்றிலிருந்தும் சேவை உண்டு. துபாய், தோஹா வழியாகப் போனாலும் அங்கிருந்து மீண்டும் இந்த நகரங்களுள் ஒன்றுக்குத்தான் போய்ச் சேர வேண்டும். ஆகவே "பார்படாஸுக்கு என்ன வேண்டும்?" என்பதை விட "இடையில் எங்கே இறங்குகிறேன், அங்கே எல்லையைக் கடக்கிறேனா?" என்பதே உங்கள் முதல் கேள்வியாக இருக்க வேண்டும்.

எந்த வழி உங்களுக்கு ஏற்றது என்பது உங்கள் கடவுச்சீட்டில் ஏற்கெனவே ஒட்டப்பட்டிருக்கும் விசாவைப் பொறுத்தது. அமெரிக்காவின் பி1/பி2 எனப்படும் பார்வையாளர் விசா கையில் இருந்தால் நியூயார்க் அல்லது மயாமி வழியே யோசிக்காமல் போகலாம், லண்டன் வழியும் எளிதாகும். கனடா விசா இருந்தால் டொரான்டோ. எதுவுமே இல்லாதவருக்கு, என் அனுபவத்தில், லண்டனில் ஒரே விமான நிலையத்துக்குள் விமானம் மாறும் வழிதான் செலவும் அலைச்சலும் குறைந்தது.

3. டிரான்சிட் விசா: பணமும் நேரமும் வீணாகும் இடம்

முதலில் பிரிட்டன். இந்தியக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர், விமான நிலையத்தை விட்டு வெளியே வராமல், குடிநுழைவு மேசையைக் கடக்காமல், ஒரு விமானத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறுவதற்குக்கூட விசா வேண்டும். 2025 ஏப்ரலில் திருத்தப்பட்ட கட்டணப்படி இதற்கு ஒருவருக்கு 39 பவுண்டாக இருந்தது. குழந்தைகளுக்கும் இதே தொகைதான். குடிநுழைவு மேசையைக் கடந்து வெளியே வந்து மாறுவதானால் விசா வேறு, கட்டணமும் அப்போது 70 பவுண்டு. 6 மாதப் பார்வையாளர் விசாவுக்கு அப்போது 127 பவுண்டு. லண்டனில் நான்கு நாள் தங்கிப் பார்க்கும் எண்ணம் சிறிதளவேனும் இருந்தால் நேராகப் பார்வையாளர் விசாவுக்கே விண்ணப்பிப்பது அறிவுடைமை, ஏனென்றால் அதைக் கொண்டே இடைவழியாகவும் செல்லலாம்.

என் தவறு இங்கேதான் நடந்தது. ஹீத்ரோவில் இறங்கிக் கேட்விக்கில் ஏறுவது என்பது வரைபடத்தில் ஒரு மணி நேரச் சாலைப் பயணம்தான். ஆனால் சட்டத்தின் பார்வையில் அது பிரிட்டனுக்குள் நுழைந்து வெளியேறுவது. பார்படாஸ் விமானங்கள் இந்த இரண்டு நிலையங்களிலிருந்தும் புறப்படுவதால், தேடல் தளங்கள் இப்படிப்பட்ட இணைப்பை மலிவான விலையில் முதல் வரியிலேயே காட்டும். பயணச்சீட்டில் நிலையத்தின் மூன்றெழுத்துக் குறியீட்டைக் கவனியுங்கள்: ஹீத்ரோ எல்.எச்.ஆர்., கேட்விக் எல்.ஜி.டபிள்யூ. இறங்கும் நிலையமும் ஏறும் நிலையமும் வெவ்வேறாக இருந்தால், நிலையத்துக்குள் மாறுவதற்கான விசா பயன்படாது.

ஒரே நிலையத்திலும் இரண்டு வழிகளில் மாட்டிக்கொள்ளலாம். தனித்தனியாக வாங்கிய பயணச்சீட்டுகளில் பெட்டிகள் நேராகப் பார்படாஸ் வரை அனுப்பப்படாவிட்டால், அவற்றை எடுத்து மீண்டும் ஒப்படைக்க நீங்கள் எல்லையைக் கடந்தே ஆக வேண்டும். இரவு இறங்கி மறுநாள் காலை புறப்படும் இணைப்பில் விடுதிக்குப் போக நினைத்தாலும் அதே நிலைதான். இவ்விரண்டையும் தவிர்க்க, ஒரே பி.என்.ஆர். (முன்பதிவு) எண்ணில், பகல் நேர இணைப்பாகப் பயணச்சீட்டு வாங்குங்கள்.

அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய நாடுகளுள் ஒன்றின் செல்லுபடியாகும் விசா உங்களிடம் இருந்தால், நிலையத்துக்குள்ளேயே மாறுவதற்கான பிரிட்டன் விசாவிலிருந்து விலக்கு உண்டு. எல்லையைக் கடப்பவருக்கு நிபந்தனைகள் வேறு, இந்த விலக்கை அதற்கும் நீட்டிக்கொள்ளாதீர்கள். ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்குப் பொதுவான, சுற்றுலாவுக்கான குறுகியகாலச் செங்கன் விசா இந்த விலக்குப் பட்டியலில் இல்லை. "ஐரோப்பிய விசா இருக்கிறதே" என்று நம்பிப் போய்த் திரும்பியவர்களை எனக்குத் தெரியும்.

விண்ணப்ப முறை இப்படி: பிரிட்டன் அரசின் இணையதளத்தில் படிவத்தை நிரப்பிக் கட்டணம் செலுத்த வேண்டும். பின்னர் சென்னையிலுள்ள விசா விண்ணப்ப மையத்தில் நேரம் குறித்து, கைரேகையும் புகைப்படமும் கொடுக்க வேண்டும். பார்படாஸ் வரையிலான பயண முன்பதிவு, அங்கிருந்து திரும்பும் முன்பதிவு, தங்குமிடச் சான்று, வேலை அல்லது தொழில் சான்று, வங்கிக் கணக்கு அறிக்கை ஆகியவற்றைச் சேருங்கள். பார்படாஸில் உங்களுக்கு விசா வேண்டாம் என்பதால், "அடுத்த நாட்டுக்குள் நுழையும் உரிமை" என்ற கேள்விக்கு ஒட்டுவதற்கு உங்களிடம் எந்தக் காகிதமும் இருக்காது. இந்தியர் 90 நாள் வரை விசாவின்றி நுழையலாம் என்பதை ஒரு சிறு கடிதத்தில் நீங்களே எழுதி இணையுங்கள். நான் அப்படித்தான் செய்தேன், கூடுதல் கேள்வி எதுவும் வரவில்லை. போகும்போது மட்டுமல்ல, திரும்பும்போதும் அதே நிலையத்தில் இறங்குவீர்கள் என்பதைப் படிவத்தில் தெளிவாகக் குறிப்பிட்டு, விசா வந்ததும் அதன் தேதிகள் திரும்பும் நாளையும் உள்ளடக்குகின்றனவா என்று பாருங்கள். முடிவு வர மூன்று வாரங்கள் ஆகலாம். விரைவுச் சேவைக்கும் கூரியருக்கும் குறுஞ்செய்திக்கும் மையத்தில் தனித்தனியே பணம் கேட்பார்கள். அவை எதுவும் கட்டாயமில்லை.

அமெரிக்கா வழி குறித்து ஒன்றே ஒன்றை நினைவில் வையுங்கள்: அங்கே எல்லையைக் கடக்காமல் விமானம் மாறும் ஏற்பாடே கிடையாது. இரண்டு மணி நேர இடைவெளியானாலும் குடிநுழைவு அதிகாரி முன் நின்று, பெட்டியை எடுத்து, மீண்டும் ஒப்படைக்க வேண்டும். ஆகவே பி1/பி2 அல்லது இடைவழிப் பயணிகளுக்கான சி-1 விசா இல்லாமல் அந்த வழி திறக்காது. இரண்டுக்கும் விண்ணப்பக் கட்டணம் 185 டாலர்தான் என்பதால், 10 ஆண்டு வரை கிடைக்கக்கூடிய முதலாவதையே பெரும்பாலோர் தேர்ந்தெடுக்கிறார்கள். நேர்காணலுக்குக் காத்திருக்க வேண்டிய காலம் பெரிது என்பதால், இதை ஒரு பார்படாஸ் பயணத்துக்காக மட்டும் தொடங்குவதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

கனடாவில் டிரான்சிட் விசாவுக்குக் கட்டணம் இல்லை. ஆனால் 48 மணி நேரத்துக்குள் கடந்து செல்பவர்களுக்கே அது பொருந்தும், விண்ணப்பம் முடிவாகச் சில வாரங்கள் எடுக்கும்.

ஐரோப்பாவில் விதி நாட்டுக்கு நாடு மாறும், அடிக்கடி திருத்தவும் செய்கிறார்கள். மாறாத ஒன்று உண்டு: செங்கன் பகுதிக்குள்ளேயே இரண்டு நிலையங்களைத் தொடும் பயணம், எடுத்துக்காட்டாகச் சென்னை–ஃபிராங்ஃபர்ட்–ஆம்ஸ்டர்டாம்–பார்படாஸ் என்பது, முதல் நிலையத்திலேயே செங்கன் பகுதிக்குள் நுழைவதாகக் கொள்ளப்படும். அதற்கு 90 யூரோ கட்டணமுள்ள முழு விசா வேண்டும். இலங்கைக் கடவுச்சீட்டு வைத்திருக்கும் வாசகர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். விமான நிலைய டிரான்சிட் விசா தேவைப்படும் நாடுகளின் பொதுப் பட்டியலில் இலங்கை இருப்பதால், செங்கன் நாடு எதுவானாலும் நிலையத்துக்குள் மாறவும் அவர்களுக்கு விசா வேண்டும். வேறு விசாக்களோ வதிவிட அனுமதியோ இருந்தால் மட்டுமே விலக்கு.

இத்தனைக்கும் காரணம், ஆவணமில்லாத பயணியை ஏற்றிச் சென்றால் அபராதம் விமான நிறுவனத்தின் தலையில் விழும் என்பதே. செக்-இன் மேசையில் இருப்பவர் டிமாடிக் என்னும் தரவுத்தளத்தில் உங்கள் நாட்டையும் வழியையும் இட்டு, அது காட்டும் விடையைப் பின்பற்றுகிறார். அவரிடம் கோபப்படுவதால் பயனில்லை. அன்று நான் கோபப்பட்டேன்.

4. பயணச்சீட்டு: முதலில் சீட்டா, முதலில் விசாவா?

டிரான்சிட் விசாவுக்கு முன்பதிவு வேண்டும், விசா மறுக்கப்பட்டால் முன்பதிவு வீணாகும். இந்த முடிச்சை அவிழ்க்க, பணம் திரும்பக் கிடைக்கும் வகைச் சீட்டை வாங்குங்கள், அல்லது சிறு தொகை கட்டிச் சில நாட்களுக்கு விலையை நிறுத்திவைக்கும் வசதியைப் பயன்படுத்துங்கள். திரும்பும் சீட்டு கட்டாயம். ஒருவழிச் சீட்டோடு போனால் சென்னையிலேயே நிறுத்தப்படுவீர்கள். பார்படாஸிலிருந்து வெளியேறுவதற்கான விமான நிலையக் கட்டணங்கள் சீட்டு விலையிலேயே சேர்ந்திருக்கும், அங்கே தனியாகக் கட்ட வேண்டியதில்லை.

5. கையில் இருக்க வேண்டிய காகிதங்கள்

கைப்பேசியில் மட்டும் வைத்திருக்காமல், அச்சிட்ட தாளாக ஒரு உறையில் எடுத்துச் செல்லுங்கள்: திரும்பும் பயணச்சீட்டு, தங்குமிட முன்பதிவு, கடன் அட்டையும் அண்மைய வங்கி அறிக்கையும், பயணக் காப்பீடு. உறவினர் வீட்டில் தங்குவதானால், அவருடைய முழு முகவரி, தொலைபேசி எண், நீங்கள் எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை அங்கே தங்குகிறீர்கள் என்று அவர் கையெழுத்திட்ட கடிதம், அவருடைய அடையாள ஆவணத்தின் நகல் ஆகியவை வேண்டும். முகவரியில் எந்தப் பாரிஷ் என்பதையும் எழுதி வாங்குங்கள். தீவு 11 பாரிஷ்களாகப் பிரிக்கப்பட்டுள்ளது, கிறைஸ்ட் சர்ச், செயின்ட் மைக்கேல், செயின்ட் ஜேம்ஸ் என்பவை அவற்றுள் சில. அங்கே முகவரி என்றால் அதுதான் முதலில் கேட்கப்படும்.

பெற்றோரில் ஒருவர் மட்டும் பிள்ளையோடு செல்வதானால் மற்றவரின் ஒப்புதல் கடிதத்தை நோட்டரி சான்றுடன் கொண்டுசெல்லுங்கள். பிள்ளையின் பிறப்புச் சான்றிதழும் ஆங்கிலத்தில் இருக்கட்டும். தமிழில் மட்டும் பெயர் எழுதப்பட்ட பழைய சான்றிதழ் அங்கே எவருக்கும் புரியாது.

காப்பீடு கட்டாயமில்லை என்றாலும் விடாதீர்கள். மருத்துவச் செலவுக்கும், புயலால் பயணம் தடைபடுவதற்கும் ஈடு தருகிறதா என்று பாருங்கள். கடவுச்சீட்டின் நகலைத் தனியாக ஒரு பெட்டியிலும், மின்னஞ்சலிலும் வையுங்கள். பார்படாஸில் இந்தியத் தூதரகம் எதுவும் இல்லை. கடவுச்சீட்டைத் தொலைத்தால் வேறொரு நாட்டிலுள்ள தூதரகத்தோடு தொடர்புகொண்டுதான் தீர்வு காண வேண்டியிருக்கும்.

6. பார்படாஸின் இணையப் படிவம்

குடிநுழைவுக்கும் சுங்கத்துக்குமான படிவத்தை இப்போது இணையத்திலேயே நிரப்பலாம். பயணத்துக்கு 72 மணி நேரம் இருக்கும்போது தொடங்குங்கள். இந்தியாவை விடப் பார்படாஸ் ஒன்பதரை மணி நேரம் பின்தங்கியது. சென்னையில் காலை 9.30 என்றால் அங்கே நள்ளிரவு 12. வந்து சேரும் தேதியாகப் பார்படாஸ் தேதியை இட வேண்டும், சென்னையில் புறப்படும் தேதியை அல்ல. விமான எண்ணும் அப்படியே: உங்களைத் தீவில் இறக்கும் கடைசி விமானத்தின் எண்தான் கேட்கப்படுகிறது.

படிவத்துக்குக் கட்டணம் கிடையாது. இணையத்தில் தேடும்போது, அரசுத் தளத்தைப் போலவே தோற்றமளித்து, "விண்ணப்பச் சேவை" என்று 50, 60 டாலர் கேட்கும் தளங்கள் முன்னால் வந்து நிற்கும். முகவரி ‘கவ் டாட் பிபி’ (gov.bb) என்று முடிகிறதா என்று பார்த்தபிறகே விவரங்களை இடுங்கள். நிரப்பி முடித்ததும் மின்னஞ்சலில் வரும் கியூஆர் குறியீட்டைச் சேமித்து, அச்சிட்டும் வையுங்கள்.

7. மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசி: யாருக்கு வேண்டும்?

இந்தியாவிலிருந்து லண்டன் வழியாகப் பார்படாஸ் போய் அதே வழியில் திரும்புபவருக்குத் தேவையில்லை. இந்தியா மஞ்சள் காய்ச்சல் உள்ள நாடு அல்ல. ஆனால் "இவ்வளவு தூரம் வந்தோம், பக்கத்திலிருக்கும் டிரினிடாடையும் பார்த்துவிடுவோம்" என்று போனால் நிலைமை தலைகீழாகும். டிரினிடாடு மஞ்சள் காய்ச்சல் நாடுகளின் பட்டியலில் இருப்பதால், அங்கிருந்து 6 நாட்களுக்குள் இந்தியா வந்து இறங்கும்போது சான்றிதழ் இல்லையென்றால் தனிமைப்படுத்தி வைக்க அதிகாரிகளுக்கு உரிமை உண்டு, அதில் நம் அரசு கண்டிப்பாகவே இருக்கிறது.

தடுப்பூசி போட்ட 10 நாட்களுக்குப் பிறகே சான்று செல்லுபடியாகும், ஒருமுறை போட்டால் ஆயுளுக்கும் போதும். எல்லா மருத்துவமனைகளிலும் போடுவதில்லை. அரசு அங்கீகரித்த மையங்களில் மட்டுமே செல்லுபடியாகும் மஞ்சள் அட்டை தருவார்கள். சென்னையில் கிண்டி கிங் நிலையம் அவற்றுள் ஒன்று. கடவுச்சீட்டை எடுத்துக்கொண்டு, நாளும் இருப்பும் முன்கூட்டி விசாரித்துச் செல்லுங்கள்.

8. வேறு தீவுகளையும் சேர்ப்பதாயிருந்தால்

கரீபியன் என்பது ஒரே நாடு அல்ல, ஒவ்வொரு தீவுக்கும் ஒவ்வொரு சட்டம். பார்படாஸுக்கு அருகிலுள்ள மார்ட்டினிக்கும், அதற்கு வடக்கேயுள்ள குவாதலூப்பும் பிரான்ஸின் பகுதிகள். 19ஆம் நூற்றாண்டில் புதுச்சேரியிலிருந்தும் காரைக்காலிலிருந்தும் கரும்புத் தோட்டங்களுக்குக் கப்பலேறிய நம்மவரின் வழித்தோன்றல்கள் அங்கே வாழ்வதால், நம்மில் பலருக்கு அந்தத் தீவுகளைப் பார்க்கும் ஆசை இருக்கும். ஆனால் அவை பிரான்ஸின் பகுதியாக இருந்தும் செங்கன் பகுதியில் சேராதவை. சாதாரணச் செங்கன் விசா அங்கே செல்லாது. பிரான்ஸின் கடல்கடந்த பகுதிகளுக்கென்று குறிப்பிட்டு விசா கேட்க வேண்டும். போர்ட்டோ ரிக்கோவுக்கும் அமெரிக்க வெர்ஜின் தீவுகளுக்கும் அமெரிக்க விசா வேண்டும். சுற்றுலாக் கப்பலில் ஏறுபவர்கள், கப்பல் நிற்கும் ஒவ்வொரு துறைமுகத்தையும் இப்படித் தனித்தனியே சரிபார்க்க வேண்டும். இறங்காமல் கப்பலிலேயே இருந்துவிடலாம் என்ற சமாதானம் பெரும்பாலும் செல்லுபடியாகாது.

9. பெட்டியும் பணமும்

பார்படாஸில் படைவீரர் உடைபோல் பச்சையும் பழுப்புமாகத் திட்டுத்திட்டாக அச்சிட்ட துணி எதையும் பொதுமக்கள் அணிவது குற்றம். குழந்தைகளுக்கும் இது பொருந்தும், தொப்பியோ பையோ ஆனாலும் பொருந்தும். அக்கா தொலைபேசியில் எச்சரித்ததால், என் மகன் ஆசையாக எடுத்து வைத்திருந்த கால்சட்டை கடைசி நேரத்தில் பெட்டியிலிருந்து வெளியே வந்தது. லண்டன் வரை முகத்தைத் தூக்கி வைத்திருந்தான்.

கறிவேப்பிலை, முருங்கைக்காய், பழங்கள், விதைகள், இறைச்சி ஆகியவற்றை வீட்டிலேயே விட்டுவிடுங்கள். கடையில் வாங்கி முத்திரை பிரியாத பொடிகளையும் ஊறுகாயையும் எடுத்துச் சென்றால் படிவத்தில் மறைக்காமல் குறிப்பிடுங்கள். மருந்துகளுக்கு மருத்துவரின் சீட்டு வேண்டும். மின்சாரம் 115 வோல்ட், அமெரிக்க வகைத் தட்டை முனை பிளக். நம் ஊர் 230 வோல்ட் மிக்ஸியை உறவினருக்குப் பரிசாகச் சுமந்து போவதில் பயனில்லை.

பார்படாஸ் டாலர் சென்னையில் கிடைக்காது, தேவையுமில்லை. 2 பார்படாஸ் டாலர் 1 அமெரிக்க டாலர் என்று மதிப்பு நிலையாக உள்ளது, அமெரிக்க டாலரைக் கடைகளில் பரவலாக வாங்கிக்கொள்கிறார்கள், மீதியைப் பெரும்பாலும் உள்ளூர்ப் பணத்தில் தருவார்கள். விலைப்பட்டியலில் வெறும் டாலர் என்று போட்டிருந்தால் எந்த டாலர் என்று கேட்டுக்கொள்ளுங்கள். இந்தியாவிலிருந்து ஒரு பயணத்துக்கு ரொக்கமாக 3,000 டாலர் வரைதான் எடுத்துச் செல்லலாம். அங்கீகரிக்கப்பட்ட முகவரிடம் வாங்கிய ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். பொருள்களுக்கு 17.5 சதவீத மதிப்புக் கூட்டு வரி உண்டு. பெரும்பாலான பொருள்கள் இறக்குமதியாவதால் காய்கறி விலையே உங்களைத் திகைக்க வைக்கும்.

10. குடிநுழைவு மேசையில்

கேள்விகள் எளியவை: எத்தனை நாள், எங்கே தங்குகிறீர்கள், எப்போது திரும்புகிறீர்கள், செலவு யாருடையது. சுருக்கமாகவும் உண்மையாகவும் சொல்லுங்கள். "வீட்டிலிருந்தே கொஞ்சம் அலுவலக வேலையும் பார்ப்பேன்" என்று பெருமையாகச் சொல்லிவிடாதீர்கள். அங்கே தங்கிக்கொண்டே வெளிநாட்டு நிறுவனத்துக்கு வேலை செய்ய விரும்புவோருக்கு ‘வெல்கம் ஸ்டாம்ப்’ என்ற 12 மாத அனுமதி 2020 முதல் தனியாக இருக்கிறது. அதற்கு ஆண்டு வருமானம் 50,000 அமெரிக்க டாலர் வேண்டும், கட்டணம் தனி நபருக்கு 2,000 டாலர், குடும்பத்துக்கு 3,000 டாலர்.

90 நாள் என்பது உச்ச வரம்பு, உரிமை அல்ல. உங்கள் திரும்பும் தேதியை ஒட்டிக் குறைவான நாட்களே தரப்படலாம். முத்திரையில் எழுதப்பட்ட தேதியை மேசையை விட்டு நகர்வதற்கு முன்பே படியுங்கள், ஏனெனில் பின்னால் திருத்த வேண்டுமானால் பிரிட்ஜ்டவுனிலுள்ள குடிநுழைவுத் துறைக்குப் போய் வரிசையில் நிற்க வேண்டியிருக்கும்.

11. எப்போது தொடங்குவது, எவ்வளவு ஆகும்

புறப்படும் நாளுக்கு நான்கு மாதங்கள் முன்பு கடவுச்சீட்டையும் பெயரையும் சரிசெய்யுங்கள். மூன்று மாதங்கள் முன்பு வழியை முடிவு செய்து, திரும்பப் பெறத்தக்க முன்பதிவோடு டிரான்சிட் விசாவுக்கு விண்ணப்பியுங்கள். விசா கைக்கு வந்தபின் தங்குமிடம், காப்பீடு. டிரினிடாடு திட்டம் இருந்தால் குறைந்தது ஒரு மாதம் முன்பு தடுப்பூசி. கடைசி மூன்று நாட்களில் இணையப் படிவம்.

ஆவணச் செலவை மட்டும் சொன்னால், எங்கள் மூவருக்கும் பார்படாஸ் வாங்கியது ஒன்றுமில்லை. லண்டன் நிலையத்துக்குள் சில மணி நேரம் உட்கார்ந்திருக்க 117 பவுண்டு ஆயிற்று. முதல் முறை இழந்த பயணச்சீட்டுகளின் விலையை இங்கே எழுத மனம் வரவில்லை.

மாதத்தைத் தேர்ந்தெடுப்பதிலும் ஒரு கணக்கு உண்டு. டிசம்பர் நடுப்பகுதி முதல் ஏப்ரல் நடுப்பகுதி வரை குளிர்நாட்டவர் குவிவதால் விடுதியும் விமானமும் விலை ஏறும். ஜூன் 1 முதல் நவம்பர் 30 வரை புயல் காலம், ஆகவே மலிவு. பார்படாஸ் பல தீவுகளுக்குக் கிழக்கே தள்ளியிருப்பதால் நேரடி அடி குறைவு என்று உள்ளூரில் சொல்கிறார்கள். ஆனாலும் 2024 ஜூன் 29 அன்று பிரிட்ஜ்டவுனில் டி20 உலகக் கோப்பையை வென்ற இந்திய அணியே, அடுத்து வந்த பெரில் புயலால் விமான நிலையம் மூடப்பட்டுச் சில நாட்கள் விடுதியிலேயே அடைந்து கிடந்தது. புயல் காலத்தில் போவதானால், டிரான்சிட் விசாவின் கடைசித் தேதிக்கும் நீங்கள் திரும்பும் நாளுக்கும் இடையே குறைந்தது ஒரு வாரமாவது இருக்கும்படி தேதிகளை அமைத்துக்கொள்ளுங்கள்.